வாஷர் அண்ணன் அழுத்திய காப்பி

அந்தக் குடியிருப்பில் எந்த வீட்டுக் குழாய் ஒழுகினாலும் முதலில் கூப்பிடுவது அவரைத்தான். பெற்றவர்கள் வைத்த பெயர் ஒன்று அவருக்கு இருக்கத்தான் செய்தது. அது வங்கிக்காரர்களுக்கும் அவர் மனைவிக்கும் மட்டும் தெரியும். மற்ற எல்லோருக்கும் அவர் வாஷர் அண்ணன். எதைப் பற்றிக் கேட்டாலும் அவர் வாயில் முதலில் வருவது, "வாஷர் போயிருக்கும், பாத்துக்கலாம்" என்பதுதான். குழாய்க்குச் சொன்னால் சரி. மாடி வீட்டுக்காரர் முட்டி வலிக்கிறது என்றாலும் அதையே சொல்வார். எதிர்வீட்டு டெய்லரம்மா ஒருநாள், "எங்க வீட்டுக்காரர் வாயத் தொறந்தா மூடறதே இல்லண்ணே" என்று குறைபட்டபோதும் அதையேதான் சொன்னார். டெய்லரம்மா சிரித்த சிரிப்பில் ஊசியை விரலில் குத்திக்கொண்டாள்.

படிப்பு ஏறவில்லை. சின்ன வயதிலேயே இரும்புக் குழாயைத் தோளில் சுமக்க வந்துவிட்டார். சுவரில் காதை வைத்தால் உள்ளே எங்கே தண்ணீர் கசிகிறது என்று சொல்லிவிடுவார். ஒரு சொட்டு வீணாய்ப் போனாலும் அவருக்கு உடம்பு கூசும். மேலேயிருந்து கடவுள் அளந்து அனுப்புகிற தண்ணீர், அதை ஒழுகவிட்டால் கேள்வி நம்மிடம்தான் வரும் என்று நம்புகிறவர். கல்யாண வீட்டுக்குப் போனாலும் கை கழுவுகிற இடத்தில் குழாய் சொட்டினால் சாப்பாட்டை மறந்து அங்கேயே நின்றுவிடுவார்.

மனைவியை, எல்லோருக்கும் அண்ணியான அவளை, அவர் கண்டதும் ஒரு குழாயால்தான். அண்ணி ஒரு பெண்கள் விடுதியின் சமையல்கட்டில் வேலை பார்த்தாள். அங்கே தண்ணீர்க் குழாய் உடைந்து இவர் போயிருந்தார். வாசலில் கால் வைத்ததும், அடுப்புப் பக்கம் பார்த்து நின்ற பெண் திரும்பாமலேயே, "யாருங்க அது, கிரீஸ் கையோட உள்ள வர்றது? வெளிய சோப்பு இருக்கு, கழுவிட்டு வாங்க" என்றாள். இவர் தன் கையைப் பார்த்தார். ஒரு பொட்டு கிரீஸ்தான், கட்டைவிரல் ஓரத்தில். "இந்தப் பொண்ணுக்கு முதுகுல மூக்கு இருக்கு" என்று வீட்டுக்கு வந்து தன் அக்காவிடம் சொன்னார். அக்கா கெட்டிக்காரி. அடுத்த வாரமே பெண் கேட்டுப் போய்விட்டாள்.

அந்த மூக்கு அப்படிப்பட்ட மூக்கு. விடுதியில் பெரிய பானையில் சூப்பு கொதித்தால் அண்ணி வாயில் வைத்துப் பார்க்க மாட்டாள். மூடியைச் சாய்த்து ஆவியை ஒரு முறை இழுப்பாள். "உப்பு ஒரு கை கொறச்சல்" என்பாள். போட்டுப் பார்த்தால் சரியாக இருக்கும். பால் கெடப்போவதைக் கெடுவதற்கு முன்னாலேயே சொல்வாள். அதனால்தான் வயதில் மூத்தவர்கள் இருந்தும் விடுதியில் கரண்டி அவள் கையில் இருந்தது. கரண்டி பிடிப்பது என்றால் அங்கே ஒரு பதவி. மற்றவர்கள் நறுக்குவார்கள், கழுவுவார்கள், தூக்குவார்கள். போதும் என்றும் போதாது என்றும் சொல்வது கரண்டி பிடித்தவள்.

பிள்ளை இல்லை. கடவுளிடம் கேட்டுக் கேட்டு ஓய்ந்தார்கள், சண்டை போடவில்லை. காலையில் இருவரும் விளக்கின் முன் நின்று கும்பிட்டுவிட்டு, ஒருவர் பையில் ரெஞ்சும் ஒருவர் பையில் ஏப்ரனுமாக ஒரே பஸ்ஸில் கிளம்புவார்கள். நல்லபடியாகத்தான் போய்க்கொண்டிருந்தது.

அந்த வருடம் காய்ச்சல் வந்தது. இருவருக்கும் வந்தது. அவருக்கு வந்த வழியே போய்விட்டது. அண்ணிக்குப் போகும்போது மூக்கையும் எடுத்துக்கொண்டு போய்விட்டது.

முதலில் அவளுக்கே தெரியவில்லை. சளி அடைப்பு என்று இருந்தாள். வேலைக்குத் திரும்பிய அன்று அடுப்பில் பால் தீய்ந்து, புகை கூடம் வரை வந்து, பெண்கள் எல்லாம் மூக்கைப் பொத்திக்கொண்டு ஓடி வந்தார்கள். அண்ணி அந்தப் பாத்திரத்துக்குப் பக்கத்திலேயே நின்று, முதுகைக் காட்டியபடி கேரட் சுரண்டிக்கொண்டிருந்தாள். எல்லோரும் ஏன் தன்னை அப்படிப் பார்க்கிறார்கள் என்று அவளுக்கு விளங்கவில்லை.

விடுதி மேடம் கெட்டவர் அல்ல. "கொஞ்ச நாள் நறுக்கற பக்கம் உக்காருங்க. மூக்கு சரியாகட்டும்" என்றார். அண்ணி வெங்காயக் கூடை முன்னால் உட்கார்ந்தாள். கண்ணில் தண்ணீர் வந்தது. வெங்காயம்தான் காரணம் என்று எல்லோரிடமும் சொல்ல வசதியாகவும் இருந்தது.

காது மூக்கு தொண்டை டாக்டரிடம் போனார்கள். "நரம்பு தூங்குதும்மா. எழுப்பிக்கிட்டே இருக்கணும். கிராம்பு, எலுமிச்சை, காப்பின்னு வாசனை உள்ளதா எடுத்து, காலையும் சாயங்காலமும் மோந்து பாருங்க. மோந்து பாக்கும்போது இது இன்ன வாசனைன்னு மனசுல நெனைங்க" என்றார். எப்போது வரும் என்று கேட்டதற்கு, "வரலாம்" என்று மட்டும் சொன்னார். வரும் என்பதற்கும் வரலாம் என்பதற்கும் நடுவில் எவ்வளவு பெரிய பள்ளம் இருக்கிறது என்பது அதில் விழுந்தவர்களுக்குத்தான் தெரியும்.

அண்ணி விடாமல் செய்தாள். சின்னச் சின்ன டப்பாக்களில் போட்டு வைத்து, கண்ணை மூடிக்கொண்டு மோந்தாள். கொஞ்ச நாளில் அந்த டப்பாக்கள் அலமாரியின் பின்பக்கம் போயின.

"ஏம்மா, மோந்து பாக்கலியா?" என்று கேட்டார் அண்ணன்.

"ஆளில்லாத வீட்டுக் கதவ எத்தன நாளுங்க தட்டறது?" என்றாள்.

அவருக்கு வாய் வரை "வாஷர்" வந்தது. விழுங்கிக்கொண்டார்.

சாப்பாடு அவளுக்கு வேலையாகிப் போனது. மெல்லுவாள், விழுங்குவாள். ரொட்டியும் ஒன்றுதான், வாழைப்பழமும் ஒன்றுதான். கன்னம் ஒட்டிப்போனது. சும்மா இருக்கும்போது பாட்டு முணுமுணுக்கிற பழக்கம் அவளுக்கு உண்டு. அதுவும் நின்றுவிட்டது. கடவுள் மனிதனுக்கு மூக்கை முகத்தின் நட்ட நடுவில் வைத்தது சும்மா இல்லை என்று அப்போதுதான் அண்ணனுக்குப் புரிந்தது. அது போனால் முகத்தின் வெளிச்சமே போய்விடுகிறது.

இப்படி இருக்கும்போதுதான் ஒரு கை மிஷின் வந்து சேர்ந்தது. ஒரு வீட்டில் வெந்நீர்க் குழாய் மாற்றப் போயிருந்தார். கம்ப்யூட்டர் வேலை பார்க்கிற தம்பி ஒருவர் வீட்டைக் காலி செய்துகொண்டிருந்தார். சமையலறை மேடையில் இரும்பில் ஒன்று நின்றது. பார்த்தால் இரண்டு கையையும் தூக்கி நிற்கிற ஆள் மாதிரி இருந்தது.

"இது என்ன தம்பி, கார் தூக்கற ஜாக்கியா?"

"காப்பி மிஷின்ணா. எஸ்பிரெசோன்னு கெட்டிக் காப்பி போடறது. கரண்டு கெடையாது, நம்ம கை பலம்தான். எனக்குப் பொறுமை இல்ல. வேணும்னா எடுத்துட்டுப் போங்க. இந்தக் காப்பிக் கொட்டை அரைக்கறதும் இதோட சேந்ததுதான்."

அண்ணன் அதன் தலையில் கண் வைத்துப் பார்த்தார். உள்ளே ஒரு குழல். குழலுக்குள் ஏறி இறங்கும் ஒரு பிஸ்டன். பிஸ்டனைச் சுற்றி ரப்பர் வளையம். அடியில் பொடி போடுகிற கைப்பிடிக் கிண்ணம், அதில் பொடிப் பொடியாய் ஓட்டை. மேலே வெந்நீர் ஊற்றி, இரண்டு இரும்புக் கைகளையும் கீழே அழுத்தினால் தண்ணீர் பொடி வழியாக இறங்க வேண்டும். 'அட, இது நம்ம பம்பு!' என்று மனது துள்ளியது. டாக்டர் சொன்ன வாசனைகளில் காப்பியும் ஒன்று. விடுதிக்கு எதிரே பெரிய மிஷின் வைத்த கடையில் வாரம் ஒரு நாள் அண்ணி ஆசையாகக் காப்பி குடிப்பதும் அவருக்குத் தெரியும். டப்பாவுக்குள் கிடந்து சாகிற வாசனையை விட, கண்ணெதிரே ஆவியாய் எழும்புகிற வாசனை பலமாகக் கதவைத் தட்டாதா?

மறுநாள் காலை சமையலறையில் மிஷினை நிறுத்தினார். கொட்டையை அரைத்தார். கிண்ணத்தில் போட்டு அமுக்கினார். திருகி மாட்டி, வெந்நீர் ஊற்றி, மிஷினின் கைகளைத் தூக்கினார். இன்னும் அழுத்தவே இல்லை, அடியில் ஒரு சொட்டு விழுந்தது. பிறகு இன்னொன்று.

ஒரு குழாய்க்காரர் கண் முன்னால் சொட்டுகிறதா? உடனே எல்லாவற்றையும் கழற்றினார். திருகுகிற இடத்தில் வெள்ளை டேப்பைச் சுற்றினார். பையைத் துழாவி, நடுவில் ஊசி முனை ஓட்டை உள்ள ஒரு ரப்பர் வாஷரை எடுத்துக் கிண்ணத்தின் அடியில் வெட்டிப் பொருத்தினார். மறுபடி மாட்டினார். சொட்டவில்லை! எழுந்து நின்று இடுப்பில் கை வைத்துப் பெருமையாகப் பார்த்தார். அப்புறம் அழுத்தினார். நகரவில்லை. ரெஞ்சு பிடித்துக் காய்த்துப்போன கை அது. முழு உடம்பையும் சாய்த்து அழுத்தினார்.

'டப்' என்று ஒரு சத்தம். கிண்ணம் கழன்று மேடைக்கு அடியில் உருண்டது. கறுப்புத் தண்ணீர் சுவரில், கூரையில், அவர் சட்டையில், மீசையில். வாஷரோடு மல்லுக்கட்டியதில் தண்ணீர் நன்றாக ஆறியிருந்தது. அதுவும் கடவுள் செயல்.

அண்ணி உள்ளேயிருந்து ஓடி வந்தாள். பார்த்தாள். அவர் மீசையிலிருந்து காப்பிப் பொடி உதிர்ந்தது.

"ஏங்க, இது குடிக்கறதா, குளிக்கறதா?"

கேட்டுவிட்டுச் சிரித்தாள். காய்ச்சலுக்குப் பிறகு வந்த முதல் சிரிப்பு. அண்ணனுக்குக் கூரையைத் துடைக்கவே மனம் வரவில்லை.

அன்றிலிருந்து அவர் அந்த மிஷினோடு மல்லுக்கு நிற்பதை விட்டுவிட்டு, அதனிடம் கேட்டுத் தெரிந்துகொள்ள ஆரம்பித்தார். முதலில் விழுகிற அந்தச் சொட்டு ஒழுக்கு இல்லை. பொடி நனைகிற அடையாளம். பொடி பெரிதாக இருந்தால் திறந்துவிட்ட குழாய் மாதிரி தண்ணீர் ஓடிவிடும், சாயத் தண்ணீர்தான் மிஞ்சும். மாவாக இருந்தால் அடைத்துக்கொள்ளும். ஆக, இங்கே வால்வு என்பது இரும்பில் இல்லை, அந்தப் பொடியில்தான் இருக்கிறது. காலமெல்லாம் தண்ணீரை நிறுத்தப் பழகிய கைக்கு, இப்போது அதை மெல்ல விடப் பழக வேண்டியிருந்தது. கிண்ணத்தை வெந்நீரில் கழுவிச் சூடாக்க வேண்டும். பொடியை ஒரு பக்கம் சாயாமல் சமமாய் அமுக்க வேண்டும். நனைய விட வேண்டும். எல்லாம் கெட்டுக் கெட்டுத்தான் தெரிந்தது. கெட்டதையெல்லாம் அவரே குடித்தார். அந்த வாரங்களில் அவருக்குத் தூக்கம் சரியாக வரவில்லை என்பது வேறு கதை.

"என்னண்ணே, குழாய் வேலைய விட்டுட்டுக் காப்பிக் கட தொறக்கப் போறீங்களா?" என்று டெய்லரம்மா ஜன்னல் வழியாகக் கேட்டாள்.

"உன் வீட்டுக்காரர மொதல்ல வாய மூடச் சொல்லு, நான் அப்பறம் தொறக்கறேன்."

ஒரு காலையில் அது நடந்தது. கைகளை இறக்கினார். முதலில் ஒன்றும் வரவில்லை. கைக்கு அடியில் ஏதோ எதிர்த்து நின்றது. அது சுவர் எதிர்ப்பது போல இல்லை. உயிருள்ள ஒன்று, 'அவசரப்படாதே' என்று உள்ளங்கையைத் தாங்கிப் பிடித்தது போல இருந்தது. அவரும் அவசரப்படவில்லை. அடியில் கறுப்பாய் ஒரு துளி திரண்டது. துளி நீண்டு நூலானது. நூல் அறுந்துவிடாமல், தேன் இறங்குவது போல இறங்கியது. கறுப்பு பழுப்பாகி, பழுப்பு பொன்னாகியது. கோப்பைக்குள் விழுந்தது தண்ணீராய் விழுந்து, நுரையாய் மேலே எழுந்தது. புலிக்கு இருப்பது போல அந்த நுரையில் வரி வரியாய் இருந்தது.

அவர் வாழ்நாளில் எத்தனையோ வகைத் தண்ணீரைப் பார்த்திருக்கிறார். துருத் தண்ணீர், சாக்கடைத் தண்ணீர், ஊற்றுத் தண்ணீர். தண்ணீர் இப்படி ஆகும் என்று அவருக்கு யாரும் சொன்னதில்லை. ஒரு கொட்டை. அதைச் சுட்ட நெருப்பு. கொஞ்சம் வெந்நீர். ஒரு மனிதனின் கைப்பாரம். இவ்வளவுதானே வைத்தோம்? இந்தப் பொன் எங்கேயிருந்து வந்தது? முன்னாலேயே அந்தக் கொட்டைக்குள் பூட்டி வைத்தவன் யார்? அழுத்துகிற வரை வாய் திறக்காதே என்று அதற்குச் சொல்லி வைத்தது யார்? அண்ணனுக்கு மயிர்க்கூச்செறிந்தது. கையை எடுக்கவும் பயம்.

"ஏம்மா... கொஞ்சம் இங்க வாயேன்" என்றார், தூங்குகிற குழந்தை பக்கத்தில் இருப்பது போன்ற குரலில்.

அண்ணி வந்தாள். பார்த்தாள். "அழகா இருக்குங்க" என்றாள். உண்மையாகத்தான் சொன்னாள். குனிந்து கண்ணை மூடி இழுத்தாள். அண்ணன் அவள் முகத்தையே பார்த்தார். அவள் கண்ணைத் திறந்து, ஒரு வாய் குடித்தாள்.

"சூடு தெரியுது. கசப்பு தெரியுது. அவ்வளவுதாங்க."

மணம் மாடிப்படி வரை போனது. டெய்லரம்மா கோப்பையோடு வந்துவிட்டாள். மாடி வீட்டுக்காரர் வலிக்கிற முட்டியோடு இறங்கி வந்தார். ஊருக்கெல்லாம் மணத்தது. யாருக்காகப் போட்டதோ அவளுக்கு மட்டும் இல்லை.

ஆனாலும் அவர் விடவில்லை. தினம் காலையில் கும்பிட்டு முடித்ததும் கொட்டை அரைக்கிற சத்தம் கேட்கும். தினமும் அந்த நூல் இறங்கும்போது அவருக்கு அதே திகைப்பு. தினமும் அண்ணி குனிவாள். தினமும் தலையை ஆட்டுவாள்.

ஒரு நாள் அவள் வேலையிலிருந்து வந்து, செருப்பைக் கழற்றியபடியே சொன்னாள்: "வர்ற திங்கக்கிழம புதுசா ஒரு அம்மா வராங்க. கரண்டிய நானே அவங்க கையில குடுத்துடறேன்னு மேடத்துக்கிட்ட சொல்லிட்டேன்."

அண்ணன் வாயைத் திறந்தார். அவள் கையைக் காட்டி நிறுத்தினாள்.

"இன்னொண்ணும் சொல்லணும். இந்தக் காப்பியும் வேணாங்க. காப்பி மேல கோவமில்ல. நீங்க ஆசையாப் போட்டுட்டு தெனம் என் மூஞ்சியவே பாக்கறீங்க பாருங்க, அதத்தான் என்னால தாங்க முடியல. பரீட்சையில தெனம் தெனம் தோத்துப் போற மாதிரி இருக்கு."

தான் அவளுக்கு மருந்து கொடுப்பதாக நினைத்திருந்தார். கூடவே ஒரு முள்ளையும் கொடுத்துவந்தது அவருக்குத் தெரியவில்லை. விளக்கின் முன் போய் நின்றார். 'ஆண்டவனே, இரும்புன்னா நான் பாத்துக்குவேன். இது உன்னோட வேலை. என் கை எட்டல' என்றார். திரும்பி வந்து, "திங்கக்கிழம வரைக்கும் போடறேம்மா. உன் மூஞ்சியப் பாக்க மாட்டேன். சுவரப் பாத்துக்கறேன்" என்றார். அண்ணி சரி என்றாள்.

சனிக்கிழமை காலை. அண்ணியின் தம்பி, பஸ் கண்டக்டர், டியூட்டிக்குப் போகும் வழியில் வந்து உட்கார்ந்திருந்தான். அக்காவைப் பார்க்க என்று சொல்வான். காப்பிக்குத்தான் வருகிறான் என்பது எல்லோருக்கும் தெரியும். அண்ணன் சொன்னபடியே சுவரைப் பார்த்துக்கொண்டு அழுத்தினார். கோப்பை நிறைந்தது. பின்னால் அண்ணி குனிகிற வளையல் சத்தம் கேட்டது.

"ச்சீ! என்னங்க இது, இப்படி நாறுது!"

அண்ணனுக்குத் திக்கென்றது. நாற்றம் என்று ஒரு வீட்டில் சொன்னால் குழாய்க்காரரின் புத்தி வேறெங்கே போகும்? நேராகப் பாத்திரம் கழுவும் தொட்டிக்கு அடியில் போனது. "வளைவுக் குழாயில ஏதோ செத்துக் கெடக்குது. இரு, கழட்டிடறேன்" என்று வாளியை இழுத்து வைத்து, மல்லாக்கப் படுத்து, குழாயைக் கழற்றினார். கொஞ்சம் அழுக்குத் தண்ணீர் கொட்டியது. வேறொன்றும் இல்லை. விரலை விட்டுத் துழாவினார். முகர்ந்து பார்த்தார். சோப்பு வாடைதான்.

"மாப்ள, உனக்கு நாறுதா?"

"எனக்கு ஒண்ணும் இல்ல மாமா. காப்பிதான் மணக்குது. எனக்கு எப்பத் தருவீங்கன்னு பாத்துட்டு இருக்கேன்."

"எந்தப் பக்கம் நாறுதும்மா? தொட்டிப் பக்கமா, ஜன்னல் பக்கமா?"

"அந்தப் பக்கமெல்லாம் இல்லங்க. இதோ, இந்தக் கப்புலதான். ரப்பர எரிச்சு அதுல அழுகின முட்டைய ஒடச்சு ஊத்தின மாதிரி. என்னத்தங்க போட்டீங்க இதுல?"

அண்ணன் தொட்டிக்கு அடியில் அப்படியே கிடந்தார். கழற்றிய குழாயிலிருந்து ஒரு சொட்டு அவர் நெற்றியில் விழுந்தது. அதைத் துடைக்கக் கை போகவில்லை. தனக்கு நாறவில்லை. மாப்பிள்ளைக்கு நாறவில்லை. அவளுக்கு நாறுகிறது.

அவளுக்கு. நாறுகிறது.

மெல்ல வெளியே வந்தார். அண்ணியும் அதற்குள் அசையாமல் நின்றிருந்தாள். கோப்பையைத் தூரப் பிடித்தபடி, வேறு யாருடைய மூக்கையோ தொடுவது போலத் தன் மூக்கை விரலால் தொட்டுக்கொண்டு.

"ஏம்மா... நாறுதா?"

"நாறுதுங்க."

"நல்லா நாறுதா?"

"வயித்தப் பொரட்டுதுங்க" என்றாள். சொல்லும்போதே அவள் கண்ணிலிருந்து தண்ணீர் இறங்கியது. பக்கத்தில் வெங்காயம் ஒன்றும் இல்லை.

அண்ணன் ஈரத் தரையிலேயே உட்கார்ந்து கைகூப்பினார். கண்டக்டர் இருவரையும் மாறி மாறிப் பார்த்தான். "மாமா, போட்ட காப்பி நாறுதுன்னு பொண்டாட்டி சொன்னதுக்குக் கும்புடு போடற மனுசன நான் இப்பத்தான் பாக்கறேன்" என்றான். சிரிக்கப் பார்த்தான், முடியவில்லை. அக்காவின் தோளைப் பிடித்துக்கொண்டான். அவன் போகவேண்டிய பஸ் அன்று கொஞ்சம் தாமதமாகத்தான் கிளம்பியது.

அன்றே டாக்டரிடம் ஓடினார்கள். அவர் புன்சிரிப்போடு கேட்டுக்கொண்டார். "தூங்கின நரம்பு முழிச்சிக்கிட்டு மறுபடி இடம் தேடிப் போகும்போது, மொதல்ல தாறுமாறாத்தான் சேரும். நல்ல வாசனையெல்லாம் நாத்தமாத் தெரியும். காப்பி நாறுதுன்னு நெறையப் பேர் வந்து சொல்றாங்க. பயப்படாதீங்க, விடாமயும் இருங்க" என்றார்.

திங்கட்கிழமை வந்தது. புது அம்மா வந்தாள், சாதுவான மனுசி. அண்ணி கரண்டியை நீட்டினாள், ஆனால் தன் கையை எடுக்கவில்லை. மேடம் புரியாமல் பார்த்தார்.

"மூக்கு வந்துடுச்சா?"

"வாசல் வரைக்கும் வந்திருக்கு மேடம். உள்ள வர்றதுக்குத்தான் யோசிக்குது."

மேடம் கொஞ்சம் யோசித்தார். பிறகு, "சரி, ரெண்டு பேரும் பிடிங்க. அவங்க ருசி பாக்கட்டும், நீங்க பக்கத்துல நில்லுங்க. எத்தன நாள்னு என்னால சொல்ல முடியாது" என்றார். அண்ணிக்கு அதுவே பெரிது. வெங்காயக் கூடையிலிருந்து எழுந்து அடுப்புக்குப் பக்கத்தில் போய் நின்றாள்.

பிறகு வந்த காலம்தான் கஷ்டம். ஒன்றும் தெரியாமல் இருந்தது ஒரு துன்பம். எல்லாம் நாறுவது இன்னொரு துன்பம். சோப்பு நாறியது. ரொட்டி நாறியது. காப்பியோ கேட்கவே வேண்டாம். அண்ணன், "வேணாம்மா, கொஞ்ச நாள் விட்டுடுவோமா?" என்றார். இப்போது அண்ணிதான் விடவில்லை. மூக்கில் முந்தானையை வைத்துக்கொண்டு வருவாள். அவர் அழுத்துவார். முந்தானையை எடுப்பாள். முகம் சுளிப்பாள். ஆனாலும் விலகமாட்டாள். நூல் நின்று நுரை அடங்கும் வரை அங்கேயே நிற்பாள்.

மறுபடியும் அவர் அவள் முகத்தைப் பார்க்கலாம் என்று அனுமதி கிடைத்தது.

"அண்ணி, இன்னிக்கு என்ன?" என்று டெய்லரம்மா தினமும் ஜன்னலில் நின்று கேட்பாள்.

"இன்னிக்கு முட்டை இல்ல, ரப்பர் மட்டுந்தான்."

"அட, ஒரு சனியன் தொலஞ்சுது."

இன்னொரு நாள், "ஈரத்துல ஊறின அட்டை" என்றாள். பிறகொரு நாள், "தீக்குச்சி அணைச்ச மாதிரி" என்றாள். தீக்குச்சி வந்த அன்று அண்ணன் வேலைக்குப் போகும் வழியெல்லாம் யாரைப் பார்த்தாலும் சிரித்தார். கேட்டவர்களிடம் என்ன சொல்வது? என் மனைவிக்கு என் காப்பி தீக்குச்சி மாதிரி இருக்கிறது என்றா?

அவருக்கு யோசிக்க யோசிக்க மலைப்புதான். சுவருக்குள் ஓடுகிற குழாயை அவர் காதால் கண்டுபிடிப்பார். ஆனால் அவள் முகத்துக்குள், மூக்குக்கும் மூளைக்கும் நடுவில், மயிரை விட மெல்லிய ஏதோ ஒன்று இருட்டில் தடவித் தடவி வழி தேடுகிறதாமே, அதை எந்தக் காதால் கேட்பது? வழி தவறி ரப்பர் வீட்டில் நுழைகிறது, திரும்புகிறது, அட்டை வீட்டில் நுழைகிறது, திரும்புகிறது. யார் அதற்கு வழி சொல்கிறார்கள்? எந்தக் கை அதை மெல்ல அழுத்துகிறது? தான் அழுத்துவது இந்த இரும்பை மட்டும்தான் என்பது அவருக்கு நன்றாகத் தெரிந்தது. மற்றதை அழுத்துகிறவன் கை கண்ணுக்குத் தெரியவில்லை. அவசரப்படாத கை அது.

மழை விட்ட ஒரு காலை. கூரையெல்லாம் ஈரம். அண்ணன் எப்போதும் போல அரைத்தார், அமுக்கினார், வெந்நீர் ஊற்றினார். அண்ணி வந்து நின்றாள். அன்று முந்தானை மூக்கில் இல்லை. மறந்து வந்துவிட்டாளோ என்னவோ. அவர் கேட்கவில்லை. கைகளை இறக்கினார். துளி திரண்டது. நூலானது. பொன்னானது.

அண்ணி குனிந்தாள். குனிந்தவள் நிமிரவில்லை.

அவர் கை தானாகவே வேகத்தைக் குறைத்தது. அந்த நூல் இன்னும் கொஞ்ச நேரம் நீள வேண்டும் போல இருந்தது.

அவள் கோப்பையை இரண்டு கையாலும் எடுத்தாள். ஒரு வாய் குடித்தாள். கண்ணை மூடினாள். எப்படி இருக்கிறது என்று அவர் கேட்கவில்லை. கேட்டால் எங்கே கலைந்துவிடுமோ என்று பயம். இன்னொரு வாய் குடித்தாள். அண்ணாந்து, கோப்பையின் அடியில் ஒட்டியிருந்த நுரை வரைக்கும் குடித்தாள். ஜன்னலில் டெய்லரம்மா வந்து நின்றாள். வழக்கமான கேள்வியைக் கேட்க வாயைத் திறந்தவள், உள்ளே பார்த்துவிட்டு, ஒன்றும் கேட்காமல் விலகிப் போனாள்.

அண்ணி காலிக் கோப்பையை அவரிடம் நீட்டினாள்.

"இன்னொண்ணு போடுங்க" என்றாள்.

அவர் கொட்டையை எடுத்தார். அவள் முகத்தையே பார்த்துக்கொண்டு எடுத்ததில் பாதி தரையில் சிதறி உருண்டது. அவள் குனிந்து பொறுக்க ஆரம்பித்தாள். பொறுக்கிய ஒவ்வொன்றையும் மூக்கருகே கொண்டுபோய்விட்டுத்தான் கிண்ணத்தில் போட்டாள். அடுப்பில் வெந்நீர் மறுபடி சத்தம் போட ஆரம்பித்தது.